செய்தோனும் செய்வித்தோனும்: முதலாம் மகேந்திரவர்மனின் கலைப்பணி

முன்னுரை

பல்லவ வேந்தருள் முதலாம் மகேந்திரவர்மனைப் போலப் பல கலைகளோடு ஒருங்கு தொடர்புறுத்திப் பேசப்படுபவன் பிறிதொருவன் இல்லை. நாடக நூலாசிரியன், ஓவியன், இசைவல்லான், கற்கோயில் கண்ட முன்னோடி என நால்வகையாலும் அவன் போற்றப்படுகின்றான். கல்கி அவர்கள் 1944 முதல் 1946 வரை தொடர்கதையாக எழுதிய ‘சிவகாமியின் சபதம்’ இவ்வுருவத்தைப் பொதுமக்கள் உள்ளத்தில் ஆழப் பதித்தது. மயிலை சீனி. வேங்கடசாமியவர்கள் 1955-இல் அவ்வரசனைப் பற்றித் தனி நூலே இயற்றினார். ஒருவன் உள்ளத்தில் கூத்தும் ஓவியமும் எழுத்தும் ஒன்றாய்க் குடியிருந்தன என்னும் எண்ணம் நமக்கு இன்பம் பயப்பது. அதனால் அவ்வெண்ணத்தை நாம் எளிதில் ஏற்றுக்கொள்கின்றோம்.

ஆயினும், வரலாற்று ஆராய்ச்சியில் இன்பம் பயக்கும் எண்ணங்களையே மிகுதியும் சோதித்தல் வேண்டும். இந்நால்வகைப் புகழுள் எதற்கு ஆக்கங்கள் சான்றாக நிற்கின்றன? எதற்கு விருதுப் பெயர் மட்டும் சான்றாகின்றது? எதற்கு நம் விருப்பமன்றி வேறு சான்றே இல்லை? இம்மூன்றையும் வேறுபிரித்துக் காண்பதே இக்கட்டுரையின் நோக்கமாகும். தமிழிலக்கணம் தன்வினை, பிறவினை என வினையை இருவகைப்படுத்தும். தானே செய்தல் ஒன்று. பிறரைக் கொண்டு செய்வித்தல் மற்றொன்று. மகேந்திரவர்மனைப் பற்றிய சான்றுகளை ஆராய்வார்க்கு இவ்விலக்கண வேறுபாடு நல்லதொரு வழிகாட்டி என்பதனை மேல்வரும் பகுதிகளில் காண்போம்.

அரசனும் அவன் காலமும்

மகேந்திரவர்மன் சிம்மவிஷ்ணுவின் மகன். மாமல்லன் எனப் புகழ்பெற்ற முதலாம் நரசிம்மவர்மனின் தந்தை. காஞ்சியைத் தலைநகராகக் கொண்டு ஏறத்தாழக் கி.பி. 590 முதல் 630 வரை ஆண்டான் என்பர். அவன் ஆட்சி கி.பி. 600-இல்தான் தொடங்கிற்று எனக் கொள்வாரும் உளர். திருவண்ணாமலை மாவட்டத்து எடுத்தனூர் நடுகல் அவனது 34-ஆம் ஆட்சியாண்டைக் குறிப்பதால், முன்னைய கணக்கே பொருந்துவதாகத் தோன்றுகின்றது.

அமைதி நிறைந்த காலமன்று அது. சளுக்கிய வேந்தன் இரண்டாம் புலிகேசி வடக்கிருந்து படையெடுத்து வந்தான். பல்லவன் காஞ்சியின் மதிலுக்குள் ஒடுங்கினான் எனக் கி.பி. 634–35-இல் பொறிக்கப்பெற்ற ஐகோளேக் கல்வெட்டுக் கூறுகின்றது. புள்ளலூரில் மகேந்திரன் பகைவரை வென்றான் எனப் பிற்காலத்துக் காசாக்குடிச் செப்பேடு கூறுகின்றது. வென்றோர் சாசனமும் தோற்றோர் சாசனமும் ஒன்றுபடாமை இயல்பே. ஈண்டு நாம் கருத்திற் கொள்ளத்தக்கது, போர்முகத்தில் நின்ற ஓர் அரசனே நகைச்சுவை நாடகமும் எழுதினான் என்பதேயாகும்.

சமயநிலையிலும் அக்காலம் கொந்தளிப்புடையது. சைவமும் வைணவமும் வளர்ந்து வந்தன. சமணமும் பௌத்தமும் செல்வாக்கு இழந்துவிடவில்லை. மகேந்திரனுக்குப் பின், நரசிம்மவர்மன் காலத்தில் இந்நாட்டிற்கு வந்த சீனயாத்திரிகர் யுவான் சுவாங், திராவிட நாட்டில் ஏறத்தாழ 100 பௌத்தப் பள்ளிகளும் 10,000 துறவியரும் இருந்தமையையும், சமணர் பலர் வாழ்ந்தமையையும் குறித்துள்ளார். இப்பின்னணியை உளங்கொள்ளாது மத்தவிலாச நாடகத்தின் நகையை நாம் உணர்தல் இயலாது.

விருதுப் பெயர்களின் இயல்பு

மகேந்திரவர்மன் தன் குடைவரைகளின் தூண்களிலும் பிற இடங்களிலும் விருதுப் பெயர்கள் பலவற்றைப் பொறித்துள்ளான். விசித்திரசித்தன், குணபரன், மத்தவிலாசன், லலிதாங்குரன், சத்துருமல்லன், அவனிபாஜனன், சித்திரகாரப்புலி, பகாப்பிடுகு, சங்கீர்ணசாதி என்பன அவற்றுட் சில. இவற்றுள் வடசொற்களே மிகுதி. தெலுங்குச் சொற்களும் தமிழ்ச் சொல்லும் விரவியுள்ளன. ‘பிடுகு’ என்பது இடி எனப் பொருள்படும் தெலுங்குச் சொல். ‘புலி’ என்பதோ நமக்கு விளக்கம் வேண்டாத சொல்.

விருதுப் பெயர் என்பது அரசன் தன்னைப் பற்றித் தானே கூறிக்கொள்ளும் கூற்று. அஃது உண்மையாகவும் இருக்கலாம், விருப்பமாகவும் இருக்கலாம், அவைக்களத்தாரின் முகமனாகவும் இருக்கலாம். பகைவரை வெல்லும் மல்லன் என ஒருவன் தன்னைக் கூறிக்கொண்டமையால், அவன் எல்லாப் போரிலும் வென்றான் எனக் கொள்வாரில்லை. அங்ஙனமாக, ஓவியருள் புலி என அவன் கூறிக்கொண்டமையால் மட்டும் அவன் பெரும் ஓவியன் எனக் கொள்ளுதல் எவ்வாறு பொருந்தும்? போரில் ஓர் அளவுகோலும் கலையில் வேறோர் அளவுகோலும் கொள்ளுதல் ஆராய்ச்சி நெறியாகாது.

இதனால் விருதுப் பெயர்கள் பயனற்றவை என்பது நம் கருத்தன்று. ஓர் ஆக்கத்தை இன்னான் படைத்தான் எனத் துணிதற்கு அவை சிறந்த கருவியாகின்றன. அப்பயனைப் பின்னர்க் காண்போம்.

கல்லிற் குடைந்த கோயில்கள்

விழுப்புரம் மாவட்டத்து மண்டகப்பட்டில் உள்ள குடைவரையில் வடமொழிக் கல்வெட்டொன்று உளது. செங்கல், மரம், உலோகம், சுதை ஆகிய நான்கும் இன்றி, நான்முகன், சிவன், திருமால் ஆகிய மூவர்க்கும் விசித்திரசித்தன் என்னும் அரசன் இக்கோயிலை அமைப்பித்தான் என்பது அதன் கருத்து. தொண்டைநாட்டில் கல்லிற் குடைந்த கோயில்களின் தொடக்கத்தை இக்கல்வெட்டுக் காட்டுகின்றது என்பர்.

இக்கல்வெட்டின் சிறப்பு, அது தன்னிடம் உள்ளதைக் கூறாமல் இல்லாததைக் கூறுவதாகும். அக்காலத்துக் கோயில் என்றால் செங்கல்லும் மரமும் ஆணியும் சுதையும் மக்கள் நினைவிற்கு வரும். அவை நான்கையும் ஒவ்வொன்றாக விலக்கி நிற்கின்றது அச்செய்யுள். கல் என்னும் சொல்லைக் கூறவேண்டிய தேவையே அதற்கு இல்லை. படிப்பவன் நிற்கும் இடமே கல்லாக உளது. தமிழகத்தில் கல் இறந்தோர் நினைவிற்கு உரியதாகக் கருதப்பட்டமையாலேயே கடவுளர்க்கு அதனைப் பயன்படுத்தத் தயங்கினர் எனக் கருதுவாரும் உளர். முன்னர்க் கூறிய எடுத்தனூர் நடுகல்லை ஈண்டு நினைத்தல் தகும். ஆநிரை காக்கும் போரில் பட்ட வீரனோடு, கள்ளரைக் கடித்து நின்ற கோவிவன் என்னும் அவன் நாயையும் அக்கல் போற்றுகின்றது. குடிமக்கள் வீரனுக்கும் நாய்க்கும் கல் நட்ட அதே ஆட்சியில், அரசன் மலைக்கல்லைக் கடவுளுக்கு உறையுளாக்கினான். இவ்விரண்டையும் அடுத்தடுத்து வைத்துக் காணும்போதுதான் விசித்திரசித்தன் செய்த மாற்றத்தின் பெருமை விளங்கும்.

மகேந்திரவாடி, தளவானூர், சீயமங்கலம், பல்லாவரம், மாமண்டூர், திருச்சிராப்பள்ளி முதலிய இடங்களிலும் அவன் காலத்துக் குடைவரைகள் உள்ளன. கே. ஆர். சீனிவாசன் அவர்கள் 1964-இல் வெளியிட்ட ஆய்வு நூல் இவற்றின் அமைப்பை முறைப்பட விளக்குகின்றது. பருத்த தூண்கள், அவற்றின் மேலும் கீழும் சதுரம், இடையில் எண்பட்டைக் கட்டு, மேலே போதிகை, வாயிலில் காவலர் உருவங்கள் என்பன இவற்றின் பொதுவியல்பு. அணிவேலைப்பாடு மிகக் குறைவு. பிற்காலத்து இராசசிம்மன் எடுப்பித்த காஞ்சிக் கயிலாசநாதர் கோயிலின் சிற்பச் செறிவோடு ஒப்பிடுவார்க்கு இவை வறியன போலத் தோன்றலாம். ஆயின், தேவையற்றவற்றை நீக்கி நிறுத்திய திண்மையே இவற்றின் அழகு.

இங்கு நாம் முன்னர்க் கூறிய இலக்கண வேறுபாடு வந்து நிற்கின்றது. மண்டகப்பட்டுக் கல்வெட்டின் வினைச்சொல் பிறவினை. அரசன் ‘செய்தான்’ என அது கூறவில்லை. ‘செய்வித்தான்’ என்றே கூறுகின்றது. செங்கற்பட்டு மாவட்டத்து வல்லத்தில், மகேந்திரனுக்கு அடங்கிய வசந்தப்பிரிய அரசனின் மகன் கந்தசேனன் அமைத்த குடைவரையின் தமிழ்க் கல்வெட்டும் ‘செய்வித்த’ என்னும் சொல்லையே ஆளுகின்றது. உளி பிடித்தோர் பெயர் அறியப்படாத கற்றச்சர், எண்ணம் அரசனுடையது. கல்வெட்டுத் தெளிவாகக் கூறும் இவ்வேறுபாட்டை, பிற்காலத்தவராகிய நாமே மயக்கி, அரசனைச் சிற்பியாக்கிப் பேசுகின்றோம். கற்கோயில் துறையில் மகேந்திரன் செய்வித்தோன். அஃது இழிவன்று, உண்மை.

மத்தவிலாசம்

நாடகத் துறைக்கு வருவோம். மத்தவிலாசப் பிரகசனம் என்பது ஓரங்க நகைச்சுவை நாடகம். வடமொழியும் பாகதமும் விரவியது. தி. கணபதி சாஸ்திரியார் இதனைக் கேரளத்துச் சுவடிகளிலிருந்து எடுத்து, 1917-இல் திருவனந்தபுரம் வடமொழி நூல்வரிசையில் பதிப்பித்தார். ஏறத்தாழ 1,300 ஆண்டுகளுக்கு முன் காஞ்சியில் தோன்றிய நூல் மலைநாட்டுச் சுவடியாக நமக்குக் கிடைத்தது.

இதன் முன்னுரைப் பகுதியில் சூத்திரதாரன், பல்லவர் குலத்துச் சிம்மவிஷ்ணுவின் மகன் மகேந்திரவிக்கிரமவர்மன் இயற்றிய நூல் இது எனக் கூறுகின்றான். இங்கே வினை தன்வினை. கோயிலைச் செய்வித்தவன் நாடகத்தைச் செய்தான்.

இக்கூற்றை நாம் அப்படியே நம்பலாமா? அவைப்புலவர் ஒருவர் எழுதி அரசன் பெயரில் வழங்கியிருத்தல் கூடாதா? இவ்வினா நேர்மையானது. இதற்கு விடைகாண விருதுப் பெயர்கள் துணைசெய்கின்றன. நாடகத்தின் முதற் செய்யுளில் ‘அவனிபாஜனம்’ என்னும் சொல் அமைந்துள்ளது. சீயமங்கலக் குடைவரைக்கு லலிதாங்குரன் என்னும் அரசன் இட்ட பெயர் அவனிபாஜன பல்லவேச்சரம். நாடகத்தின் இறுதியில் ‘சத்துருமல்லன்’ என்னும் பெயர் வருகின்றது. தளவானூர்க் குடைவரையின் பெயர் சத்துருமல்லேச்சரம். அதனைப் புகழும் தமிழ்ப் பாடலொன்றும் அங்கே கல்லில் உளது. ‘மத்தவிலாசம்’ என்னும் நூற்பெயரும் அரசனின் விருதே. ஆக, நூலின் பெயரிலும் தொடக்கத்திலும் முடிவிலும் அரசனின் முத்திரை இடப்பட்டுள்ளது. மாமண்டூரில் உள்ள சிதைந்த கல்வெட்டிலும் மத்தவிலாசம் என்னும் பெயர் காணப்படுகின்றது. கல்லும் சுவடியும் நூற்றுக்கணக்கான கல் தொலைவிலும் ஒன்றையொன்று அறியாமலும் கிடந்து, ஒரே பெயர்களைக் கூறுகின்றன. இதனினும் சிறந்த சான்று ஏழாம் நூற்றாண்டு நூல் எதற்கும் எளிதிற் கிடைப்பதன்று.

இஃது அரசன் கையாலேயே எழுதப்பட்டது என்பதற்கு முடிந்த முடிபாகாது என்பதனை நாம் ஒப்புகின்றோம். அவைப்புலவரும் அரசன் விருதுகளைச் செய்யுளில் அமைக்கலாம். ஆயினும் நாடகத்தின் உட்பொருளை நோக்கும்போது, அவைப்புலவர் துணிந்து எழுதக்கூடியதா இது என்னும் ஐயம் எழுகின்றது.

நாடகத்தின் பொருளும் துணிவும்

கதை மிகச் சிறியது. சத்தியசோமன் என்னும் காபாலிகனும் அவன் துணைவி தேவசோமையும் கள்ளுண்டு காஞ்சித் தெருவில் தள்ளாடி வருகின்றனர். அவர்களது கபாலப் பாத்திரம் காணாமற் போகின்றது. அதில் வறுத்த இறைச்சி இருந்தமையால், நாயேனும் பௌத்தத் துறவியேனும் அதனை எடுத்திருத்தல் வேண்டும் எனக் காபாலிகன் முடிவு செய்கின்றான். அவ்வழியே வரும் நாகசேனன் என்னும் பிக்குவின் மேல் பழி விழுகின்றது. பப்புருகற்பன் என்னும் பாசுபதன் வழக்குத் தீர்க்க முற்படுகின்றான். இறுதியில், நாயிடமிருந்து பறித்த கபாலத்தோடு பித்தன் ஒருவன் வருகின்றான், வழக்கு முடிகின்றது. சூத்திரதாரனையும் அவன் மனைவியையும் நீக்கினால் நாடகப் பாத்திரங்கள் ஐவரே.

காபாலிகனுக்குக் கள்ளுக்கடை வேள்விச்சாலை போலத் தோன்றுகின்றது. பிக்குவோ, நல்லுணவும் நல்ல படுக்கையும் அனுமதித்த புத்தர் பெருமான் மாதரையும் மதுவையும் விலக்கியிருப்பாரா என ஐயுறுகின்றான். பொறாமை கொண்ட முதியோர் அப்பகுதிகளை ஏட்டிலிருந்து நீக்கிவிட்டனர் போலும் என எண்ணி, மூல ஏட்டைத் தேடும் விருப்பமும் கொள்கின்றான். கொள்கைகளை நாடகம் எள்ளவில்லை. கொள்கையைத் தம் ஆசைக்கேற்ப வளைப்பாரையே எள்ளுகின்றது.

வழக்கை நீதிமன்றத்திற்குக் கொண்டு செல்வோம் எனப் பேச்சு எழும்போது தேவசோமை தடுக்கின்றாள். பௌத்தப் பள்ளியின் செல்வத்தால் அறங்கூறு அவையத்தாரின் வாயை அடைக்கப் பிக்குவால் இயலும், நாமோ வறியோர் என்பது அவள் கூற்றின் கருத்து. இவ்வுரை காஞ்சித் தெருவில் நிகழ்கின்றது. அவ்வவையம் காஞ்சி அரசனுடையது. தன் ஆட்சியின் நீதிமன்றம் கையூட்டு வாங்கும் என ஒரு பெண்ணின் வாயிலாக அரசன் தானே கூறுகின்றான். பொருள்வேண்டி அரசனை அண்டி வாழும் புலவன் ஒருவன் இவ்வுரையை எழுதி, அதனை அரசன் பெயரிலேயே அரங்கேற்றினான் என்பது எளிதில் நம்பத்தக்கதன்று. பிறர் எழுதினால் குற்றமாகத்தக்க நகையை அரசன் எழுதினால் அது தன்னையே நோக்கிய நகையாகின்றது. நூலாசிரியன் அரசனே என நாம் கருதுதற்கு இதுவே உள்ளுறைச் சான்று.

நாடகத்தில் சமணப் பாத்திரம் ஒன்றேனும் இல்லாமையை நோக்கி, மகேந்திரன் சமணனாக இருந்த காலத்தில் இதனை எழுதினான் எனச் சிலர் உரைப்பர். அவன் சமயம் மாறிய செய்தி இருவகையால் அறியப்படுகின்றது. குணபரன் என்னும் அரசன் மாறுபட்ட ஒழுக்கத்தினின்று சிவநெறிக்குத் திரும்பினான் என்னும் கருத்துத் திருச்சிராப்பள்ளிக் கல்வெட்டில் உளது. திருநாவுக்கரசரால் மனம் மாறிய பல்லவன், பாடலிபுத்திரத்துச் சமணப் பள்ளிகளை இடித்துத் திருவதிகையில் குணபரவீச்சரம் எடுத்தான் எனச் சேக்கிழார் பெரியபுராணத்தில் பாடுகின்றார். ஆனால் நாடகத்தில் சமணர் முற்றிலும் விடப்பட்டாரல்லர். காபாலிகன் அவர்தம் கொள்கையை இகழ்ந்துவிட்டு, அவர் பெயரைச் சொன்ன நாவைக் கள்ளால் கழுவ வேண்டும் என்கின்றான். இகழ்பவன் குடியன் ஆதலின் இவ்விகழ்ச்சி யார்மேற் செல்லும் என்பது எளிதில் துணியத்தக்கதன்று. ஆகவே, நாடகத்தைக் கொண்டு அரசன் சமயம் மாறிய காலத்தை வரையறுத்தல் உறுதியற்ற அடித்தளத்தில் மாடம் எழுப்புவது போன்றதாகும்.

கூத்தும் கல்லும் கூடுமிடம்

நாடகத்தின் முதற் செய்யுள் கபாலியாகிய சிவனின் கூத்தைப் போற்றுகின்றது. மொழி, வேடம், மெய், செயல் எனப் பல்வேறு வேறுபாடுகளால் பல சுவை கொண்டு மூவுலகையும் தழுவும் அக்கூத்தினை ஆடுவோனும் அவனே, காண்போனும் அவனே என்பது அதன் கருத்து. நாடகம் எழுதி, அவையில் அமர்ந்து, தன் நகரத்தைத் தானே மேடையில் கண்டிருக்கக்கூடிய அரசனுக்கு இக்கருத்து எத்துணைப் பொருத்தமானது என்பது வெளிப்படை.

இச்செய்யுளில்தான் ‘அவனிபாஜனம்’ என்னும் சொல் வருகின்றது என முன்னர்க் கண்டோம். அப்பெயர் பூண்ட சீயமங்கலக் குடைவரையில், அரைத்தூண் ஒன்றின் மேற்பகுதியில் ஆடும் சிவனின் சிறிய உருவம் செதுக்கப்பட்டுள்ளது. தமிழகத்து ஆடவல்லான் உருவங்களுள் மிகப் பழையனவற்றுள் இஃது ஒன்று. செய்யுளில் ஆடும் கபாலியும் தூணில் ஆடும் சிவனும் ஒரே விருதுப் பெயரின் நிழலில் நிற்கின்றனர். அரசன் திட்டமிட்டு இவ்விரண்டையும் இணைத்தான் என நாம் கூறத் துணியோம். ஆயினும் எழுத்து, கூத்து, சிற்பம் ஆகிய மூன்றும் ஓருள்ளத்தில் சந்தித்தன என்னும் கூற்றுக்குச் சான்று வேண்டுவார், விருதுப் பட்டியலை விடுத்து இவ்விடத்தையே நோக்குதல் வேண்டும்.

பிறிதோர் ஒப்புமையும் உண்டு. மண்டகப்பட்டில் செங்கல் முதலிய நான்கையும் நீக்கிக் கோயில் எழுந்தது. மத்தவிலாசத்தில் கிளைக்கதை இல்லை; போர் இல்லை; காதற் பிரிவு இல்லை; ஒரு தெரு, ஐந்து மாந்தர், ஒரு கபாலம் என்பவற்றால் நாடகம் எழுந்தது. குறைத்தலால் வலிமை பெறும் கலைநெறி இரண்டிலும் காணப்படுகின்றது.

ஓவியம்: பெயர் உண்டு, பொருள் இல்லை

சித்திரகாரப்புலி என்னும் விருதே மகேந்திரனை ஓவியனாகக் காட்டும் முதற்சான்று. மாமண்டூர்க் கல்வெட்டில் தட்சிணசித்திரம் என்னும் பெயருடைய விருத்தியுரை ஒன்றைப் பற்றிய குறிப்பு உளது என்பர். அக்கல்வெட்டு மிகவும் சிதைந்தமையால் அதன்மேல் பெருஞ்சுமை ஏற்றுதல் ஆகாது. இவ்விரண்டையும் கடந்தால், இவன் தீட்டியது எனச் சுட்டத்தக்க ஓவியம் ஒன்றும் இன்று இல்லை.

புதுக்கோட்டை மாவட்டத்துச் சித்தன்னவாசல் ஓவியங்கள் ஒருகாலத்தில் மகேந்திரனுக்கே உரியனவாகக் கருதப்பட்டன. தாமரைக் குளமும் ஆடல் மகளிரும் அவன் புகழுக்குச் சான்றாகக் காட்டப்பட்டன. ஆனால் அக்குடைவரையிலேயே உள்ள தமிழ்க் கல்வெட்டு, அவனிபசேகரன் சீவல்லவன் என்னும் பாண்டியன் காலத்தில் மதுரை ஆசிரியன் இளங்கௌதமன் அகமண்டபத்தைப் புதுப்பித்து முகமண்டபமும் எடுத்தான் எனக் கூறுகின்றது. அது 9-ஆம் நூற்றாண்டு, பாண்டியர் ஆட்சிக்காலம். மகேந்திரனுக்கு இருநூறு ஆண்டுகள் பிற்பட்ட சமண ஆசிரியர் ஒருவரின் பணியைப் பல்லவ அரசன் கணக்கில் எழுதிவைத்தோம். பழைய கருத்து மாறிய பின்னரும் சில நூல்களில் அது தொடர்ந்து வருகின்றது. அரசனுக்குப் புகழ் சேர்க்கும் ஆவலில் ஆசிரியன் ஒருவனின் பெயரை மறைத்தல் பெருங்குற்றம். அக்காலத்துக் கலைஞர் பெயர் கல்லில் நிற்பது அரிது. நின்ற பெயரையும் நாம் படியாமல் விடலாமா?

இசை: பெயரற்ற கல்வெட்டு

குடுமியான்மலையில் சிகாநாதர் கோயிலை அடுத்த பாறையில் இசைக் கல்வெட்டொன்று உளது. மத்திமகிராமம், சட்சகிராமம், சாடவம், சாதாரிதம், பஞ்சமம், கைசிகமத்திமம், கைசிகம் என ஏழு பகுதிகளாகச் சுரத் தொகுதிகள் அதில் வகுக்கப்பட்டுள்ளன. இந்திய இசை வரலாற்றில் இதற்கு நிகரான கல்வெட்டுச் சான்று மிக அரிது. உருத்திராசாரியரின் மாணாக்கனும் சிவபத்தனுமாகிய அரசனொருவன் மாணாக்கர் நலங்கருதி இதனை அமைத்தான் என இறுதிப் பகுதி கூறுகின்றது. எட்டிற்கும் ஏழிற்கும் இவை உரியன என்னும் பொருள்படும் தமிழ்த் தொடரும் உடன் உளது.

அவ்வரசன் யார்? கல்வெட்டில் பெயர் இல்லை. எழுத்தமைதி பல்லவர் காலத்துக் கிரந்தத்தை ஒத்தமையாலும், சங்கீர்ணசாதி என்னும் விருது இசையோடு தொடர்புடையது எனக் கருதப்பட்டமையாலும், மகேந்திரன் பெயர் முன்மொழியப்பட்டது. ஆயின் அவ்விருதின் பொருளிலேயே கருத்து வேறுபாடு உண்டு. மகேந்திரனின் குடைவரைகளுள் தென்கோடியில் இருப்பது திருச்சிராப்பள்ளியே. குடுமியான்மலை அதற்கும் தெற்கே உளது. எழுத்தமைதியைக் கொண்டு இக்கல்வெட்டைப் பிற்பட்டதாகக் கருதுவாரும் உளர். இவற்றை எண்ணும்போது, இக்கல்வெட்டை மகேந்திரனுடையது எனத் துணிந்து கூறுதல் இன்று இயலாது. ‘அரசன்’ என்னும் சொல்லைக் கண்டவுடன் நாம் அறிந்த அரசன் ஒருவனை அங்கே அமர்த்திவிடுதல் வரலாற்று முறையன்று.

பகவதஜ்ஜுகம் என்னும் மற்றொரு நகைச்சுவை நாடகத்தின் நிலையும் இத்தகையதே. மாமண்டூர்க் கல்வெட்டு அதன் பெயரையும் மத்தவிலாசத்தோடு குறிப்பதால், அதுவும் இவனுடையதே என்பர் ஒரு சாரார். போதாயனர் இயற்றியது என்பர் மற்றொரு சாரார். கல்வெட்டு முழுமையாகப் படிக்கத்தக்க நிலையில் இல்லாதவரை இவ்வழக்கு முடிவு பெறாது.

மேடை காத்த நூல்

மூன்று கலைகளுக்கும் நேர்ந்த கதியை இனி ஒப்பிட்டுக் காண்போம். கல் தன்னைத் தானே காத்துக்கொண்டது. ஓவியம், அங்ஙனம் ஒன்று இருந்திருப்பின், சுதையோடு உதிர்ந்தது. நாடகத்தையோ மனிதர் காத்தனர். காஞ்சியில் தோன்றிய மத்தவிலாசத்தைக் காஞ்சி மறந்தது. கேரளத்துச் சாக்கையர் தம் கூடியாட்ட மரபில் அதனைப் பேணினர். கோயில்களில் வேண்டுதல் நிகழ்ச்சியாகவும் அதனை ஆடிவந்தனர். கள்ளுண்ட காபாலிகனின் கதை வழிபாட்டு நிகழ்ச்சியானது வியப்புக்குரியது. ஆயின் முதற் செய்யுளிலேயே சிவன் கபாலியாய் ஆடுதலின், அம்மாற்றம் முற்றிலும் பொருந்தாததும் அன்று. கூடியாட்டத்தை யுனெஸ்கோ நிறுவனம் 2001-இல் மனிதகுலத்தின் சிறந்த மரபுச்செல்வங்களுள் ஒன்றாக அறிவித்தது. நூலை இயற்றியவன் அரசன். அதனை உயிரோடு வைத்தவர் ஆடுவோர். இவ்விருவருள் ஒருவரை விடுத்து மற்றவரைப் புகழ்தல் முறையாகாது.

வடமொழியில் எழுதினான் என்பதனால் தமிழ்த்துறையினர் இவனைப் புறக்கணித்தலும் தகாது. நாடகத்தின் களம் காஞ்சி. அதன் மாந்தர் அந்நகரத் தெருக்களில் உலவியோர். அப்பர் பெருமான் சமணத்தையும் சைவத்தையும் தம் வாழ்வில் கண்டு பாடிய அதே காலத்துச் சமயப் பூசலை இந்நாடகம் நகைக்கண்ணால் காண்கின்றது. தேவாரம் படிப்போர் இதனையும் உடன் படித்தால் ஏழாம் நூற்றாண்டின் இருபுறமும் விளங்கும்.

முடிவுரை

இதுகாறும் கூறியவற்றால் பின்வருவன பெறப்படும். மத்தவிலாசத்தை மகேந்திரவர்மன் செய்தான் என்பதற்குக் கல்லும் சுவடியும் உள்ளுறையும் ஒருங்கே சான்றாகின்றன. குடைவரைகளை அவன் செய்வித்தான். அதனை அவன் கல்வெட்டே கூறுகின்றது. ஓவியத்தில் அவனுக்கு விருது உண்டு, ஆக்கம் எஞ்சவில்லை. இசைக் கல்வெட்டில் ஆக்கம் உண்டு. அவன் பெயர் இல்லை. சித்தன்னவாசல் அவனுடையதன்று, அஃது இளங்கௌதமனுக்கு உரியது.

இவ்வாறு கணக்கெடுத்தால் அரசனின் பெருமை குன்றுமே எனச் சிலர் வருந்தக்கூடும். குன்றாது என்பதே நம் துணிபு. பகைவன் மதிலருகே நின்ற காலத்தில், தன் நகரத்துத் துறவியரையும் தன் அவையத்து நீதியையும் நகைத்து ஒரு நாடகம் எழுதியவன். செங்கல்லும் மரமும் வேண்டா எனத் துணிந்து மலையைக் கோயிலாக்கச் செய்தவன். இரண்டிலும் ஒரே பெயரைப் பொறித்துச் சென்றவன் என்னும் அளவே ஒரு கலைஞனுக்குப் போதிய புகழாகும். சான்று உள்ள புகழை உரக்கக் கூறுவதும், சான்று இல்லாத புகழை அதற்குரியார் வரும்வரை காத்து வைப்பதும் ஆராய்ச்சியாளர் கடன். மாமண்டூர்க் கல்வெட்டின் சிதைந்த எழுத்துக்களைப் புதிய முறைகளால் மீண்டும் படிக்கும் முயற்சி இத்துறையில் இனி முதலிடம் பெறுதல் வேண்டும். நாடகம், இசை, ஓவியம் ஆகிய மூன்றின் வழக்கையும் தீர்க்கும் சொற்கள் அப்பாறையில் இருந்திருத்தல் கூடும்; அவற்றுள் எஞ்சியவையேனும் மேலும் தேய்ந்தழியுமுன் படிக்கப்படுதல் நலம்.